ஊமைப் படமும் பேசும் கைகளும்



இன்று நான் பேச எடுத்துக்கொண்ட பொருள், காது கேளாத நடிகர்களைப் பற்றியது. இதனைக் கேள்வியுற்ற நண்பர் ஒருவர், "கேட்க இயலாதவர்களைப் பற்றி வானொலியிலா பேசப் போகிறீர்கள்? அவர்கள் எவ்வாறு கேட்பார்கள்?" என்று வினவினார். நியாயமான வினாத்தான். ஆனால், நான் சொல்லவிருக்கும் செய்தி அவர்களுக்குத் தெரியாதது அன்று. தெரியாமல் இருப்பவர்கள் செவியுடைய நாமே. ஆதலின் நம்மிடம் பேசுவதற்கு வானொலியே தக்க இடம் என்று துணிந்தேன். இப்பேச்சு பின்னர் அச்சிலும் வரும் என்று அறிகிறேன். அப்போது அவர்களும் படித்து, நான் பிழைபடச் சொன்னது உண்டானால் திருத்தட்டும்.

முதலில் ஒரு சொல்லைக் கவனியுங்கள். 1931-ஆம் ஆண்டு அக்டோபர் 31-ஆம் நாள் 'காளிதாஸ்' என்னும் முதல் தமிழ்ப் பேசும் படம் சென்னையில் வெளியாயிற்று. அதற்கு முன்பு வந்த படங்களை நம் முன்னோர் 'ஊமைப் படம்' என்று அழைத்தனர். ஊமை என்றால் ஏதோ குறையுடையது என்பது பொருள். ஆனால், அந்த ஊமைப் படக் காலத்திலேதான் காது கேட்பவரும் கேளாதவரும் கொட்டகைக்குள் ஒத்த நிலையில் உட்கார்ந்திருந்தனர். திரையிலே உருவங்கள் அசையும். இடையிடையே எழுத்துகள் தோன்றும். அவற்றை இருவரும் கண்ணால் படித்தனர். ஒரே நேரத்தில் சிரித்தனர். ஒரே நேரத்தில் கலங்கினர். நமக்குக் குறையாகத் தோன்றிய படம் அவர்களுக்கு நிறைவான படமாக இருந்தது.

பார்ப்பதில் மட்டுமன்று, நடிப்பதிலும் அவர்களுக்கு அன்று இடம் இருந்தது. கிரான்வில் ரெட்மண்ட் என்பவர் அமெரிக்க நாட்டின் சிறந்த இயற்கைக்காட்சி ஓவியருள் ஒருவர். இளங்குழந்தையாக இருந்தபோதே நோயினால் செவிப்புலனை இழந்தவர். கலிபோர்னியாவிலுள்ள காது கேளாதோர் பள்ளியில் கற்று, பாரிசு நகரம் சென்று ஓவியம் பயின்றார். இவருக்கும் சார்லி சாப்ளினுக்கும் நெருங்கிய நட்பு உண்டாயிற்று. சாப்ளின் தம் படப்பிடிப்பு நிலையத்திலேயே இவருக்கு ஓவியக்கூடம் அமைத்துக்கொள்ள இடம் தந்தார். கையாலும் விரலாலும் பேசும் முறையை இவரிடமிருந்து கற்றுக்கொண்டார். சாப்ளினின் படங்கள் சிலவற்றில் ரெட்மண்ட் சிறு சிறு வேடங்களில் தோன்றுகிறார்.

அவற்றுள் ஒன்று என் மனத்தை விட்டு அகலாதது. 1931-இல் வெளிவந்த 'சிட்டி லைட்ஸ்' படத்தின் முதற்காட்சியைப் பார்த்திருக்கிறீர்களா? நகரத்தில் ஒரு சிலையைத் திறந்து வைக்கிறார்கள். பெரிய மனிதர்கள் எழுந்து சொற்பொழிவு ஆற்றுகிறார்கள். உலகமெல்லாம் பேசும் படத்தின் பின்னே ஓடிக்கொண்டிருந்த காலம் அது. சாப்ளின் அந்தப் பெரிய மனிதர்களின் வாயிலிருந்து பேச்சு எதனையும் வரவிடவில்லை. வாத்தினுடைய கூச்சல் போன்ற பொருளற்ற ஒலியை மட்டும் வரவிட்டார். அந்த மேடையில் சிற்பியாக எழுந்து வணங்குகிறவர் ரெட்மண்ட். ஒலிப் பேச்சைக் கேலி செய்யும் மேடையில், அந்த ஒலியை ஒருநாளும் கேட்டறியாத ஒரு கலைஞர் நிற்கிறார். சாப்ளின் இதனைக் கருதிச் செய்தாரா, தற்செயலாய் அமைந்ததா என்பதை நான் அறியேன். எனினும் அக்காட்சியைக் காணும்போதெல்லாம் எனக்கு இந்த எண்ணமே எழுகிறது.

அக்காலத்தில் புகழ் பெற்றிருந்த லான் சேனி என்னும் நடிகர் காது கேட்டவர்தாம். ஆனால் அவருடைய தாயும் தந்தையும் காது கேளாதவர்கள். முகத்தாலும் கையாலும் ஒன்றைச் சொல்லும் திறனை அவர் கற்ற பள்ளிக்கூடம் அவருடைய வீடுதான். எமர்சன் ரொமேரோ என்ற இன்னொருவர் கியூபா நாட்டிற் பிறந்தவர். சிறுவயதில் செவிப்புலன் இழந்தவர். டாமி ஆல்பர்ட் என்னும் திரைப்பெயருடன் நகைச்சுவைக் குறும்படங்களில் நடித்தார்.

1927-இல் அமெரிக்காவில் 'தி ஜாஸ் சிங்கர்' வந்தது. அதன் பிறகு சில ஆண்டுகளுக்குள் ஊமைப் படம் மறைந்தது. திரையிலிருந்து எழுத்துகளும் மறைந்தன. நமக்கு அது ஒரு புதுமை, ஒரு கொண்டாட்டம். காது கேளாதவர்களுக்கோ, நேற்றுவரை திறந்திருந்த கதவு இன்று அடைபட்டது போலாயிற்று. ரொமேரோவுக்கு வேடம் இல்லாமற் போயிற்று. ஆனால் அம்மனிதர் சும்மா இருக்கவில்லை. 1947-ஆம் ஆண்டில் அவர் பேசும் படங்களை விலைக்கு வாங்கி, படச்சுருளை வெட்டி, உரையாடலை எழுத்தில் அச்சிட்ட துண்டுகளை இடையிடையே ஒட்டி, காது கேளாதோர் சங்கங்களுக்கு வாடகைக்கு அனுப்பினார். பழைய ஊமைப் பட முறையைத் தம் கையாலேயே மீட்டுக்கொண்டார் என்று சொல்லலாம். 1958-இல் அமெரிக்க அரசே ஒரு சட்டம் இயற்றி, காது கேளாதவர்களுக்காக எழுத்துப் பொறித்த படங்களை வழங்க முன்வந்தது.

பார்வையாளராக அவர்கள் அடைந்த இழப்பு இது. நடிகர்களாக அடைந்த இழப்பு இதனினும் பெரிது.

பேசும் படத்தில் காது கேளாத பாத்திரங்கள் இல்லாமற் போய்விடவில்லை. பல படங்களில் வந்தன. ஆனால் அவ்வேடங்களை ஏற்றவர்கள் காது கேட்கும் நடிகர்கள். 1948-இல் வந்த 'ஜானி பெலிண்டா' படத்தில் ஜேன் வைமன் ஒரு வார்த்தையும் பேசாமல் நடித்து ஆஸ்கார் பரிசு பெற்றார். 1961-இல் ஜப்பானிய இயக்குநர் மட்சுயாமா காது கேளாத கணவன் மனைவியின் வாழ்க்கையை ஒரு படமாக எடுத்தார். அதன் தூண்டுதலால் குல்சார் 1972-இல் இந்தியில் 'கோஷிஷ்' எடுத்தார். அதில் நடித்த சஞ்சீவ் குமாருக்குத் தேசிய விருது கிடைத்தது. அப்படத்தைத் தழுவி 1977-இல் தமிழில் வந்ததுதான் கமல்ஹாசனும் சுஜாதாவும் நடித்த 'உயர்ந்தவர்கள்'. ஜப்பானிலிருந்து இந்திக்கும், இந்தியிலிருந்து தமிழுக்கும் கதை பயணம் செய்தது. இரண்டு நாட்டு மக்கள், மூன்று மொழிகள் என்பீர்கள். ஆனால் மூன்றிலும் அந்தக் கணவனும் மனைவியும் காது கேட்பவர்களே.

இப்படங்களை நான் இழித்துச் சொல்ல வரவில்லை. அவற்றைப் பார்த்துக் கண்ணீர் சிந்தியவர்களுள் நானும் ஒருவன். மாணவர்களாகிய நீங்கள் உடனே ஒரு தடை எழுப்புவீர்கள். "நடிப்பு என்பதே தான் அல்லாத ஒருவராக ஆவதுதானே? அரசன் வேடம் போட அரசனா வரவேண்டும்?" என்பீர்கள். சரியான தடையே. என் விடையை நம் நாடக மேடையிலிருந்தே தொடங்குகிறேன். ஒரு காலத்தில் நம் நாடகக் கம்பெனிகளில் பெண் வேடத்தை ஆண்களே புனைந்தனர். டி. கே. சண்முகம் ஔவையாராக நடித்த சிறப்பினாலேயே 'ஔவை சண்முகம்' என்று பெயர் பெற்றார். அவரை யார் குறை கூற முடியும்? ஆயினும், 1953-இல் திரையில் கே. பி. சுந்தராம்பாள் ஔவையாராக வந்து நின்றபோது, அந்த மூதாட்டியின் குரலும் நடையும் வேறோர் ஊற்றிலிருந்து வந்தன. ஆண் பெண்ணாக நடித்தது தவறு என்பதன்று செய்தி. பெண்ணுக்கு மேடை மறுக்கப்பட்டிருந்த வரையில், மேடை எதனை இழந்திருந்தது என்பது எவருக்கும் தெரியவில்லை.

காது கேளாதவர் திறத்தில் இன்னொரு செய்தியும் உண்டு. அதுதான் இப்பேச்சின் நடுவிடம். அவர்களுக்கு உரியது குறை மட்டுமன்று. ஒரு மொழியும் உரியது.

சைகை என்றவுடன், வாய்ப்பேச்சுக்கு மாற்றாக அவ்வப்போது கற்பித்துக்கொள்ளும் சாடை என்று நாம் எண்ணுகிறோம். சிலர் பரத நாட்டிய முத்திரைகளை நினைப்பர். முத்திரை, பாடலின் சொற்களுக்கு விளக்கமாகப் பின்தொடர்வது. சைகை மொழியோ எந்தப் பாடலையும் பின்பற்றுவதன்று. தானே சொல்லாகவும் தானே இலக்கணமாகவும் நிற்பது. அமெரிக்காவில் கல்லாடெட் கல்லூரியில் ஆங்கில ஆசிரியராக இருந்த வில்லியம் ஸ்டோகி 1960-இல் இதனை ஆராய்ந்து வெளியிட்டார். கையின் வடிவம், அது வைக்கப்படும் இடம், அதன் அசைவு என்னும் மூன்று உறுப்புகளால் ஒவ்வொரு சைகைச் சொல்லும் ஆகியிருக்கிறது என்று அவர் காட்டினார். தமிழில் 'கல்' என்பதில் முதலெழுத்தை மாற்றினால் 'பல்' ஆகிறது, 'சொல்' ஆவதற்கு இன்னும் சற்று மாற வேண்டும் அல்லவா? அதுபோலவே அமெரிக்கச் சைகை மொழியில் சுட்டுவிரலை நெற்றியின் குறுக்கே இழுத்து மடக்கினால் 'கோடை' என்று பொருள். அதே விரல், அதே அசைவு, மூக்கின் கீழே நிகழ்ந்தால் 'அழகற்றது'. மோவாயில் நிகழ்ந்தால் 'உலர்ந்தது'. இடம் ஒன்று மாறப் பொருள் மாறுகிறது.

இம்மொழி உலகெங்கும் ஒன்றே என்று நினைப்பதும் பிழை. ஆங்கிலம் பேசும் அமெரிக்காவுக்கும் இங்கிலாந்துக்கும் சைகை மொழிகள் வெவ்வேறு. ஒருவர் பேச்சு மற்றவருக்கு விளங்காது. லாரன்ட் கிளெர்க் என்னும் காது கேளாத பிரெஞ்சு ஆசிரியர் 1816-இல் அமெரிக்கா சென்று, மறு ஆண்டில் ஹார்ட்ஃபோர்டு நகரில் ஒரு பள்ளி தொடங்கத் துணை நின்றார். ஆதலின் அமெரிக்கச் சைகை மொழி பிரெஞ்சுச் சைகை மொழிக்கு உறவு. நம் நாட்டில் வழங்குவது இந்தியச் சைகை மொழி. அதனை ஆராயவும் கற்பிக்கவும் 2015-இல் புதுதில்லியில் ஒரு மைய நிறுவனம் அமைந்தது.

முகம் இம்மொழியில் வெறும் உணர்ச்சியைக் காட்டுவதன்று என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். அமெரிக்கச் சைகை மொழியில், 'ஆம், இல்லை' என்று விடை வேண்டும் வினாவுக்குப் புருவம் உயர வேண்டும். 'யார், எங்கே' என்னும் வினாவுக்குப் புருவம் நெரிய வேண்டும். புருவம் அங்கே இலக்கணம். கையசைவுகளை மட்டும் சில வாரம் மனப்பாடம் செய்து வந்த நடிகர் என்ன செய்கிறார்? முகத்தில் துயரத்தையோ வியப்பையோ நிரப்பிவிடுகிறார். நமக்கு அது உருக்கமாக இருக்கிறது. அம்மொழியைத் தாய்மொழியாகக் கொண்டவருக்கோ, வேற்றுமை உருபு கெட்ட வாக்கியம் போல ஆகிவிடுகிறது. 'இராமன் இராவணன் கொன்றான்' என்று ஒருவர் கண்ணீர் மல்கச் சொன்னால் நாம் அழுவோமா, யார் யாரைக் கொன்றார் என்று கேட்போமா?

இவ்வளவு தெளிவான ஒரு மொழியை உலகம் ஏன் மொழியென்று ஏற்கவில்லை? 1880-இல் இத்தாலி நாட்டு மிலான் நகரில் காது கேளாதோர் கல்விக்கென ஒரு மாநாடு கூடிற்று. வந்திருந்த ஆசிரியர்கள் ஏறத்தாழ அனைவரும் செவியுடையவர்கள். பள்ளிகளில் வாய்ப்பேச்சு முறையே சிறந்தது, சைகை வேண்டா என்று அவர்கள் தீர்மானித்தனர். அதன்பின் பல நாட்டுப் பள்ளிகளில், தமக்குள் சைகையில் பேசிய பிள்ளைகளின் கைகள் கட்டுப்படுத்தப்பட்டன. 2010-இல் வான்கூவர் நகரில் கூடிய அதே மாநாட்டினர் அத்தீர்மானத்துக்காக வருந்தினர். 130 ஆண்டுகள் கழித்து வந்த வருத்தம். ஆசிரியத் தொழிலில் வாழ்நாளைக் கழித்தவன் என்ற முறையில், இந்தச் செய்தியைப் படித்தபோது எனக்கு நாணமாக இருந்தது.

நாணத்துக்கு வேறு காரணமும் உண்டு. அதனையும் சொல்லிவிடுகிறேன்.

நான் ஆசிரியப் பயிற்சி முடித்துப் பணியில் சேர்ந்த புதிது. பள்ளி ஆண்டு விழாவுக்கு ஒரு நாடகம் எழுதினேன். அதில் பண்ணையார் வீட்டு வேலைக்காரன் ஓர் ஊமை. ஒன்று சொன்னால் ஒன்று செய்வான், 'பே, பே' என்று கத்துவான், கூட்டம் சிரிக்கும். அதற்காகவே அவனைப் படைத்திருந்தேன். ஒன்பதாம் வகுப்பில் நன்றாக நடிக்கக்கூடிய மாணவன் ஒருவன் இருந்தான். அவனைக் கூப்பிட்டு அவ்வேடத்தைக் கொடுத்தேன். மறுத்துவிட்டான். காரணம் கேட்டேன், சொல்லவில்லை. பணிவு இல்லை என்று கடிந்துகொண்டேன். வேறொரு மாணவன் நடித்தான். கூட்டம் நான் எதிர்பார்த்ததற்கு மேலாகவே சிரித்தது.

சில மாதம் கழித்து, அந்த மாணவன் காய்ச்சலினால் பள்ளிக்கு வராதிருந்தபோது அவன் வீட்டுக்குச் சென்றேன். வாயிலில் நின்றபோதே உள்ளே சிரிப்புச் சத்தம் கேட்டது. படுக்கையில் அவன், எதிரே அவனுடைய அக்காள், பதினெட்டு வயதிருக்கும். அவள் வலக்கையால் இல்லாத மூக்குக்கண்ணாடியை மேலே தள்ளினாள். இடக்கையைப் பின்னால் வைத்து, தலையைச் சற்றுச் சாய்த்து, இரண்டடி நடந்து, திரும்பி நின்று, ஒரு விரலை உயர்த்தினாள். அவ்வளவுதான். அது நான். என் வகுப்பில் நாற்பது பிள்ளைகள் ஆண்டு முழுவதும் பார்த்த நான். அவள் என்னைத் தெருவில் பார்த்திருந்ததோடு சரி.

அவர்களுடைய தாய் என்னைக் கண்டு பதறி, "வாங்க சார், உட்காருங்க சார். அவளுக்குக் காது கேட்காதுங்க. ரெண்டும் எப்போதும் இப்படித்தான் கையாலேயே பேசிக்கிட்டு இருக்கும்," என்றார். அந்தப் பெண் கையைக் கீழே போட்டுவிட்டுச் சுவரோரம் ஒதுங்கினாள். ஆண்டு விழாவுக்கு அவளும் வந்திருந்தாள் என்பதைத் தாயார் சொல்லித் தெரிந்துகொண்டேன். நடித்த பையனைக் கண்டு ஊரே சிரித்தபோது, எதற்குச் சிரிக்கிறார்கள் என்று தம்பியிடம் கேட்டாளாம். அவன் விடை சொல்லவில்லையாம். மன்னிப்பு என்பதைக் கையால் எப்படிச் சொல்வது என்று எனக்குத் தெரிந்திருக்கவில்லை. காய்ச்சல் விசாரித்துவிட்டுத் திரும்பிவிட்டேன்.

நான் கொடுத்த வேடத்தில் ஓர் ஊமை இருந்தான். அந்த வீட்டில் ஊமை எவரும் இல்லை. உண்மையில் காது கேளாதவர் பலருக்குக் குரலில் குறை ஒன்றும் கிடையாது. கேட்டறியாததால் வாய்ப்பேச்சு எளிதில் அமைவதில்லை, அவ்வளவே. அவர்களுடைய பேச்சு வேறிடத்தில் இருக்கிறது. படம் எடுப்பவர் அது எங்கே இருக்கிறது என்று தெரியாதவராக இருந்தால், படப்பெட்டியும் அதனைத் தவறவிடும். சைகை பேசுவோரின் சொற்கள் தலையுச்சியிலிருந்து இடைவரையில் உள்ள வெளியில் நிகழ்கின்றன. உருக்கமான கட்டத்தில் குளோசப் என்று கண்களை மட்டும் காட்டினால், கைகள் சட்டத்துக்கு வெளியே போய்விடும். பேசிக்கொண்டிருப்பவரின் வாயைப் பொத்தியது போலாகும். நம் பேச்சில், பேசுபவரின் குரல் ஒலித்துக்கொண்டிருக்கவே கேட்பவர் முகத்தைக் காட்டலாம். சைகையில் அவ்வாறு வெட்டினால் பாதி வாக்கியம் தொலைந்துவிடும். செவியுடைய நடிகரை மட்டும் வைத்து, செவியுடையவர்களே எடுத்து, செவியுடையவர்களே பார்த்தால் இப்பிழையை யார் சுட்டிக்காட்டுவார்?

சுட்டிக்காட்டும் நாளும் வந்தது. 1979-இல் வந்த 'வாய்சஸ்' என்னும் அமெரிக்கப் படத்தில் காது கேளாத பெண்ணாகச் செவியுடைய நடிகை ஒருவர் நடித்தார். காது கேளாதோர் வெளிப்படையாக எதிர்த்தனர், படத்தைப் புறக்கணித்தனர். அவர்களிடையே நடிகர் இல்லை என்று அதற்கு மேல் சொல்ல முடியாது. ஏனெனில் காது கேளாதோர் தேசிய நாடகக் குழு 1967 முதலே அமெரிக்காவில் நாடகம் நடத்தி வந்தது. மார்க் மெடாஃப் என்பவர், காது கேளாத நடிகையாகிய ஃபிலிஸ் ஃபிரெலிக்கை மனத்திற்கொண்டே 'சில்ட்ரன் ஆஃப் எ லெஸ்ஸர் காட்' என்னும் நாடகத்தை எழுதினார். 1980-இல் அவர் அதற்காக டோனி பரிசு பெற்றார்.

அந்த நாடகம் 1986-இல் படமாயிற்று. ஒன்றரை வயதில் செவிப்புலன் இழந்த மார்லி மேட்லின் அதில் தலைவியாக நடித்தார். 1987 மார்ச்சில் சிறந்த நடிகைக்கான ஆஸ்கார் பரிசு அவருக்குக் கிடைத்தபோது வயது 21. அப்பரிசைப் பெற்ற காது கேளாதவர்களுள் அவரே முதல்வர். எனினும் அப்படத்திலும் ஒரு குறை உண்டு. அவர் சைகையில் சொல்வதையெல்லாம் காதலனாக வரும் நடிகர் வாய்விட்டுத் திரும்பச் சொல்கிறார். திரையில் எழுத்து இல்லை. தலைவியின் பேச்சு ஆண்மகனின் குரல் வழியாகவே நம்மை வந்தடைகிறது. மறு ஆண்டு விழா மேடையில் மேட்லின் பெயர்களை வாயால் உச்சரித்துப் படித்தபோது, கேட்டவர் பலர் பாராட்டினர். காது கேளாதோரிற் சிலர், நம் மொழியை விட்டுவிட்டாரே என்று வருந்தினர். ஒரே ஒருவர் மட்டும் மேடையேறும்போது, ஓரினத்தின் சுமை முழுவதும் அவர் தோளில் ஏறிவிடுகிறது.

நம் தமிழ்ப் படங்களில் ஒரு வேடிக்கை நிகழ்ந்திருக்கிறது. 2007-இல் ராதாமோகன் இயக்கிய 'மொழி' வந்தது. ஜோதிகா காது கேளாத அர்ச்சனாவாக நடித்தார். பரிதாபத்தை வேண்டாத, தன்மானமுள்ள பெண். அவள்பொருட்டு இசைக்கலைஞன் ஒருவன் சைகை மொழி கற்கிறான். இரக்கத்துக்குப் பதிலாக மரியாதையைக் கேட்ட படம் என்பதனால் நான் அதனை உயர்வாகவே மதிக்கிறேன். இரண்டாண்டு கழித்து, 2009-இல், சமுத்திரக்கனியின் 'நாடோடிகள்' படத்தில் அபிநயா அறிமுகமானார். இவர் உண்மையிலேயே காது கேளாதவர். அவர் ஏற்ற பாத்திரமோ நன்றாகக் கேட்கும், நன்றாகப் பேசும் கிராமத்துப் பெண்! உதட்டசைவைக் கற்று நடித்தார். குரலை வேறொருவர் கொடுத்தார். தமிழ் அறியாத நடிகைகளுக்காக ஏற்பட்ட டப்பிங் வழக்கம் இங்கே எதிர்பாராத நன்மை செய்தது. படம் பார்த்தவர்களிற் பலர், பின்னர் யாரோ சொல்லித்தான் தெரிந்துகொண்டனர். காது கேட்பவர் கேளாதவராக நடிக்கலாம் என்றால், கேளாதவர் கேட்பவராகவும் நடிக்கலாம் என்பதற்குத் தமிழ்த் திரையே சான்று தந்துவிட்டது. ஆயினும் அவர் தம் சொந்த மொழியில், தம் கைகளால் நீளப் பேசும் ஒரு பெரிய பாத்திரத்தைத் தமிழில் காண வேண்டும் என்னும் ஆவல் எனக்கு இருக்கிறது.

2014-இல் உக்ரைன் நாட்டில் 'தி டிரைப்' என்று ஒரு படம் வந்தது. நடித்தவர் அனைவரும் காது கேளாதவர்; பேச்சு முழுவதும் உக்ரைனியச் சைகை மொழி; திரையில் ஓர் எழுத்துகூட இல்லை. கொட்டகையில் இருக்கும் செவியுடையோரே விளங்காமல் விழிக்க வேண்டும். கொடுமைகள் நிறைந்த கதையாதலால் மாணவர்களுக்கு அதனைப் பரிந்துரைக்க மாட்டேன். ஆனால் 1931-க்குப் பிறகு காது கேளாதவர் கொட்டகையில் எவ்வாறு உட்கார்ந்திருந்தனர் என்பதை அறிய, அதன் முதற் பத்து நிமிடம் போதும்.

அதே 2014-இல் பிரான்சில் 'லா ஃபமிய் பெலியே' வெளியாயிற்று. காது கேளாத பெற்றோர். காது கேட்கும் மகள். அவள் நன்றாகப் பாடுகிறாள். பெற்றோராக நடித்த இருவரும் செவியுடையோர். காது கேளாதோர் இதனைக் கண்டித்தனர். அக்கதையை அமெரிக்காவின் மீன்பிடி நகரமொன்றில் நிகழ்வதாக மாற்றி, ஷான் ஹேடர் என்னும் பெண் இயக்குநர் 2021-இல் 'கோடா' என்னும் படத்தைத் தந்தார். தந்தையாக டிராய் கோட்சர், தாயாக மேட்லின், மகனாக டேனியல் டூரன்ட்: மூவரும் காது கேளாதவர். தந்தை வேடத்துக்குப் புகழ்பெற்ற செவியுடைய நடிகரைப் போடலாம் என்ற பேச்சு எழுந்தபோது, அப்படியானால் நான் விலகிக்கொள்கிறேன் என்று மேட்லின் உறுதியாக நின்றார். இயக்குநர் சைகை மொழி கற்றார். மகளாக நடித்தவர் மாதக்கணக்கிற் பயின்றார். மொழி வழுவாமல் பார்த்துக்கொள்ளக் காது கேளாத வல்லுநர்கள் படப்பிடிப்பில் உடனிருந்தனர்.

அதன் பயன் ஒரு காட்சியிலே தெரிகிறது. பள்ளி விழாவில் மகள் பாடுகிறாள். பாட்டின் நடுவே ஒலி முழுவதும் நின்றுவிடுகிறது. நாமும் ஒன்றும் கேட்பதில்லை. தந்தை மேடையைப் பார்க்கவில்லை. சுற்றியிருப்போர் முகங்களைப் பார்க்கிறார். ஒருவர் கண்ணீர் துடைக்கிறார், ஒருவர் தலையசைக்கிறார். அவற்றிலிருந்து மகளின் பாட்டைத் தெரிந்துகொள்கிறார். அன்றிரவு வீட்டுக்கு வெளியே மகளைப் பாடச் சொல்லி, அவள் கழுத்தில் கைவைத்து அதிர்வை உணர்கிறார். அழ வைக்கும் காட்சிதான். ஆனால் அழுகை நம் இரக்கத்திலிருந்து பிறக்கவில்லை, அந்த மனிதனின் கூர்ந்த அறிவிலிருந்து பிறக்கிறது. இத்தந்தை சாதுவும் அல்லர்; கொச்சையாகப் பேசுவார், சண்டை போடுவார், மனைவியைக் கொண்டாடுவார். 'ஜானி பெலிண்டா' முதல் நாம் கண்ட மௌன தெய்வங்களுக்கு இவர் உறவினர் அல்லர்.

இப்படத்தையும் காது கேளாதோர் எல்லாரும் ஏற்றார்கள் என்று சொல்ல மாட்டேன். அமெரிக்காவில் மொழிபெயர்ப்பாளரை வழங்கச் சட்டம் இருக்க, ஒரு சிறுமியைத் தவிர வேறு துணையில்லாதவர்களாக அக்குடும்பத்தைக் காட்டியது பொருந்துமா என்று சிலர் கேட்டனர். கேட்கத்தக்க கேள்வி. கேட்பதற்கு அவர்களுக்கு இடம் இருப்பதே நல்லதுதான். நம் நாட்டிலும் 2023-இல் வந்த ஓர் இந்திப் படத்தைப் பற்றிய வழக்கில், உச்ச நீதிமன்றம் 2024 ஜூலையில் தீர்ப்பளித்தபோது, மாற்றுத்திறனாளிகளை இழிவு செய்யும் நகைச்சுவை வேறு, அவர்கள் வாழ்வை விளங்க வைக்கும் நகைச்சுவை வேறு என்று பிரித்துக் காட்டிற்று. அவர்களைப் பற்றிய படைப்பில் அவர்களையும் கலந்துகொள்ள வேண்டும் என்றது. அத்தீர்ப்பைப் படித்தபோது என் பழைய நாடகத்தின் கையெழுத்துப் பிரதியைப் பெட்டியிலிருந்து எடுத்துப் பார்த்தேன். 'பே, பே' என்று பதினொரு இடங்களில் எழுதியிருந்தேன்.

'கோடா' 2022 மார்ச்சில் மூன்று ஆஸ்கார் பரிசுகளைப் பெற்றது. சிறந்த படம் என்பதும் அவற்றுள் ஒன்று. சிறந்த துணை நடிகருக்கான பரிசை அறிவிக்க மேடைக்கு வந்தவர் கொரிய நாட்டு மூத்த நடிகை யுன் யோ ஜொங். உறையைப் பிரித்துப் பார்த்த அவர், பெயரை வாயால் சொல்வதற்கு முன் கையால் காட்டினார். டிராய் கோட்சர் மேடையேறினார். அவையினர் கைதட்டவில்லை, இரு கைகளையும் உயர்த்தி ஆட்டினர். காது கேளாதோர் கரவொலி அதுதான். பரிசுச் சிலையைக் கையில் வாங்கியவர் பேசத் தொடங்க வேண்டும். ஆனால் அவருக்குப் பேச இரண்டு கைகளும் வேண்டுமே! அந்த மூதாட்டி சிலையைத் தாமே திரும்ப வாங்கிக்கொண்டு, அவர் பேசி முடிக்கும் வரையில் பக்கத்தில் ஏந்தி நின்றார். தம் குடும்பத்திலேயே மிகச் சிறப்பாகச் சைகை பேசியவர் தம் தந்தை என்றும், விபத்தொன்றில் கழுத்துக்குக் கீழே உடல் செயலிழந்ததால் அவரால் பிறகு பேச இயலாமற் போயிற்று என்றும் கோட்சர் அப்போது சொன்னார்.